யோர்தான் பள்ளத்தாக்கு வட்டார மன்றமும் அதன் கூட்டுவாழ்வுக் கிராமங்களும்

நமது திருச்சபைகளிலிருந்து திருநாட்டுப் பயணம் மேற்கொள்வோர் பெரும்பாலும் கலிலேயாக் கடலின் தென்முனைக்குச் செல்வதுண்டு. யோர்தான் நதி ஏரியைவிட்டு வெளிவரும் இடத்திற்கு அருகே, யார்தெனித் என்னும் துறையில் வெண்ணாடை அணிந்து நீரில் இறங்குகின்றனர். ஏன்கேவ் கரையில் படகேறுகின்றனர். கினோசார் சென்று, 1986ஆம் ஆண்டு ஏரியின் நீர்மட்டம் தாழ்ந்தபோது சேற்றில் கண்டெடுக்கப்பட்ட, நம் ஆண்டவர் காலத்தை ஒட்டிய மீன்பிடிப் படகினைக் காண்கின்றனர். இவ்விடங்களைத் திருமறையின் இடங்களாக நாம் நன்கு அறிவோம். ஆனால் யார்தெனித் துறையை நடத்துவது கின்னரெத் என்னும் கூட்டுவாழ்வுக் கிராமம் என்பதையும், அப்படகினைக் கண்டவர்கள் கினோசார் கிராமத்தின் மீனவச் சகோதரர் இருவர் என்பதையும், இக்கிராமங்கள் யாவும் ஒரே வட்டார மன்றத்தின் ஆட்சிக்கு உட்பட்டவை என்பதையும் நம்மில் பலர் அறியோம்.

இதை அறிந்துகொள்வது போதகருக்கு ஏன் தேவை என்று கேட்கலாம். கிப்புட்ஸ் என்னும் இக்கூட்டுவாழ்வு முறை நமது பிரசங்கங்களில் இருவகையாக எடுத்தாளப்படுகிறது. சிலர் அதனை அப்போஸ்தலர் இரண்டாம் நான்காம் அதிகாரங்களில் காணும் பொதுவுடைமை வாழ்வின் நிகழ்கால வடிவமாகப் போற்றுகின்றனர். வேறு சிலர் அதனைத் தீர்க்கதரிசனத்தின் நிறைவேற்றமாகக் கொண்டு, வனாந்தரம் செழித்ததற்குச் சான்று காட்டுகின்றனர். இவ்விரு கூற்றுகளையும் ஏற்பதற்கோ மறுப்பதற்கோ முன்னர், அக்கிராமங்கள் எவ்வாறு தோன்றின, எவ்வாறு ஆளப்படுகின்றன, இன்று எந்நிலையில் உள்ளன என்பவற்றை உள்ளபடி அறிதல் நமது கடன். இக்கட்டுரையின் நோக்கம் அதுவே.

1. இடமும் பெயரும்

யோர்தான் பள்ளத்தாக்கு வட்டார மன்றம் எபிரெய மொழியில் ‘ஏமெக் ஹயார்தேன்’ எனப்படும். அது 1949ஆம் ஆண்டு அமைக்கப்பட்டது. கலிலேயாக் கடலின் தென்கரையிலும் அதனை அடுத்த யோர்தான் யார்முக் நதிகளின் சமவெளியிலும், ஏரியின் கிழக்கு மேற்குக் கரைகளின் சில பகுதிகளிலும் அதன் கிராமங்கள் பரவியுள்ளன. அவற்றுள் பெரும்பாலானவை கிப்புட்ஸ்கள். மன்றத்தின் அலுவலகம் ஏரியின் தென்கரையில் செமாக் என்னும் சாலைச் சந்திப்பில் உள்ளது.

இங்கே ஒரு பெயர்க் குழப்பத்தைத் தவிர்த்துக்கொள்ள வேண்டும். எரிகோவுக்கு வடக்கே, 1967ஆம் ஆண்டுப் போருக்குப்பின் இஸ்ரேல் கைப்பற்றிய மேற்குக்கரையில், ஏறத்தாழ இதே பெயருடைய மற்றொரு வட்டார மன்றம் உண்டு. அதன் குடியிருப்புகள் ஆக்கிரமிப்புப் பகுதியில் அமைந்தவை. அவை சர்வதேசச் சட்டத்திற்கு முரணானவை என்பது உலக நாடுகள் பெரும்பாலானவற்றின் நிலைப்பாடு. இக்கட்டுரையில் நாம் கூறும் மன்றம் 1949ஆம் ஆண்டு எல்லைக்கோட்டிற்கு உட்பட்டது. ‘யோர்தான் பள்ளத்தாக்கு’ என்னும் ஒரே சொல்லால் இரண்டையும் கலந்துவிடுவது வரலாற்றுப் பிழையாகும்.

இப்பகுதி கடல் மட்டத்திற்கு இருநூறு மீட்டருக்கும் கீழே உள்ளது. கோடையில் வெப்பம் மிகக் கடுமை. ஆயினும் நீர்வளம் உண்டு. ஆதலால் வாழையும் பேரீச்சையும் மாவும் இங்குப் பயிராகின்றன. இங்குள்ள பேரீச்சந்தோப்புகள் பழங்காலந்தொட்டு அப்படியே நின்றவை அல்ல. கின்னரெத் கிராமத்தவராகிய பென்சீயோன் இஸ்ரயேலி என்பவர் 1930களில் ஈராக் முதலிய நாடுகளுக்குச் சென்று கன்றுகளைக் கொணர்ந்து நட்டதன் பயனாகவே அவை இங்குப் பெருகின.

2. தெகானியாவின் தொடக்கம்

உலகின் முதல் கிப்புட்ஸ் என்று கருதப்படும் தெகானியா இம்மன்றத்தின் எல்லைக்குள் உள்ளது. அதன் தோற்றம் பெருந்திட்டம் ஒன்றிலிருந்து எழவில்லை. சீயோனிய அமைப்பின் பாலஸ்தீன அலுவலகம், ஆர்தர் ருப்பின் என்பவர் தலைமையில், 1908ஆம் ஆண்டு கின்னரெத்தில் ஒரு பயிற்சிப் பண்ணையை நிறுவியது. அங்கே மேலாளருக்கும் கூலியாட்களுக்கும் இடையே பிணக்கு மூண்டு, 1909இல் வேலை நிறுத்தம் ஏற்பட்டது. மேலாளர் இன்றித் தாங்களே பொறுப்பேற்று உழுது காட்டுவோம் என்றனர் தொழிலாளர் சிலர். யோர்தானின் மறுகரையில் உம் ஜூனி என்னும் இடத்தில் அவர்களுக்கு நிலம் விடப்பட்டது. ஓராண்டு முயற்சி வெற்றி பெறவே, 1910ஆம் ஆண்டு அக்டோபரில் ஹதேரா ஊரிலிருந்து வந்த வேறொரு குழுவினர் நிலையாகக் குடியேறினர். அவர்கள் பத்து ஆண்களும் இரண்டு பெண்களும் ஆவர். தானியத்தைக் குறிக்கும் எபிரெயச் சொல்லிலிருந்து ‘தெகானியா’ என்று தங்கள் இடத்திற்குப் பெயரிட்டனர்.

இவர்கள் ரஷ்யப் பேரரசிலிருந்து வந்த இளைஞர். யூதர்மீது அங்கு நிகழ்ந்த வன்கொடுமைகளும், சமதர்மக் கருத்துகளும், உடலுழைப்பே மனிதனைப் புதுப்பிக்கும் என்னும் நம்பிக்கையும் அவர்களை உருவாக்கின. அந்நம்பிக்கைக்குக் குரல் கொடுத்தவர் ஆ. தா. கோர்தோன். அவர் நாற்பத்தெட்டு வயதளவில் நாட்டிற்கு வந்து மண்வெட்டி பிடித்தவர். தம் இறுதி நாள்களைத் தெகானியாவில் கழித்து 1922இல் அங்கேயே காலமானார்.

அவர்களுள் பெரும்பாலோர் தம் தந்தையரின் சமய வழக்கங்களைக் கைவிட்டவர்கள் என்பது நாம் கருதத்தக்கது. பஸ்காவையும் முதற்கதிர்ப் பண்டிகையையும் அவர்கள் அறுவடைத் திருநாள்களாகவும் மக்கள் விடுதலையின் நினைவுநாள்களாகவும் மாற்றியமைத்தனர். பஸ்கா இரவில் வாசிப்பதற்குக் கிராமந்தோறும் தாமே புதிய நூல்களை எழுதிக்கொண்டனர். சமய நெறி வழுவாத கிப்புட்ஸ்களும் பின்னர் எழுந்தன. பெத்சான் பள்ளத்தாக்கில் 1937இல் அமைந்த தீரத் சுவி அவற்றுள் ஒன்று. ஆயினும் அவை சிறுபான்மையே. தீர்க்கதரிசனத்தை நிறைவேற்ற வந்தோம் என்று தாங்களே சொல்லிக்கொள்ளாதவர்கள் வாயில் அச்சொல்லை நாம் வைப்பது முறையன்று.

3. கிப்புட்ஸும் மோஷாவும்

‘கூட்டுப் பண்ணைக் கிராமம்’ என்று நாம் பொதுவாகச் சொல்வதில் இருவேறு அமைப்புகள் அடங்கியுள்ளன.

கிப்புட்ஸில் நிலமும் கருவிகளும் ஆலைகளும் வருமானமும் பொதுவானவை. உறுப்பினருக்குக் கூலி இல்லை. உணவு பொது உணவுக் கூடத்தில். துணி பொதுச் சலவையகத்தில். அவரவர் ஆற்றலுக்கேற்ப உழைப்பு, அவரவர் தேவைக்கேற்பப் பங்கு என்பது விதி. அனைவரும் கூடும் பொதுக்கூட்டமே இறுதி அதிகாரம் உடையது. பெரும்பாலான கிப்புட்ஸ்களில் பிள்ளைகளும் பெற்றோருடன் உறங்காமல் பிள்ளைகளுக்கான பொது இல்லத்தில் வளர்ந்தனர்.

மோஷாவில் ஒவ்வொரு குடும்பத்திற்கும் தனி வீடும் தனி வயலும் உண்டு. ஆனால் விதை வாங்குவதும் விளைபொருள் விற்பதும் கூட்டுறவு முறையில் நடைபெறும். வயல்கள் அளவில் சமமானவை. ஒருவர் நோயுற்றால் மற்றவர் அவர் வயலைப் பார்த்துக்கொள்வது கடமை. முதல் மோஷாவாகிய நகலால் 1921ஆம் ஆண்டு யெஸ்ரயேல் பள்ளத்தாக்கில் அமைந்தது. ரிச்சர்ட் கௌஃப்மன் என்னும் கட்டடக் கலைஞர் அதனை வட்ட வடிவில் அமைத்தார்: நடுவே பொதுக் கட்டடங்கள், சுற்றிலும் வீடுகள், வீடுகளுக்குப் பின்னே கதிர்களைப் போல் விரியும் வயல்கள். தெகானியாவிலிருந்தே சிலர் பிரிந்து நகலாலுக்குச் சென்றனர். 1915இல் தெகானியாவில் பிறந்து, பிற்காலத்தில் படைத்தளபதியும் அமைச்சருமான மோஷே தயானின் பெற்றோரும் அவர்களுள் அடங்குவர். தம் சொந்தக் குடும்பத்திற்குத் தனி இடம் வேண்டும் என்ற விருப்பமும், பொதுவாழ்வின் மீது கொண்ட பற்றும் தொடக்கத்திலிருந்தே ஒன்றோடொன்று போராடியதை இப்பிரிவு நமக்குக் காட்டுகிறது.

இஸ்ரேலில் இன்று ஏறத்தாழ 270 கிப்புட்ஸ்களும் 400க்கு மேற்பட்ட மோஷாவ்களும் உள்ளன. நாட்டு விடுதலைக்குப்பின் குடியேறிய பலர் மோஷாவ்களில் அமர்த்தப்பட்டனர். அவர்களுள் நம் அண்டை நாட்டாராகிய கொச்சி யூதரும் உண்டு. 1954இல் நெகேபு பாலைவனத்தில் நெவாத்தீம் என்னும் மோஷாவில் குடியேறிய அவர்கள், மலையாளம் பேசிய மக்களாய் வணிகத்தையும் கடற்கரையையும் விட்டு வறண்ட நிலத்தில் உழவு கற்க நேர்ந்தது.

4. வட்டார மன்றம் இயங்கும் விதம்

ஒரு கிராமத்தில் சில நூறு பேரே வாழ்கையில், அது தனக்கென மேல்நிலைப் பள்ளியையோ கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையத்தையோ நடத்த இயலாது. இத்தேவைக்காக எழுந்ததே வட்டார மன்றம். பல சிற்றூர்களை ஒன்றாகக் கட்டும் அமைப்பு என்ற அளவில் அது நமது ஊராட்சி ஒன்றியத்தை ஒத்தது. இஸ்ரேலில் இத்தகைய மன்றங்கள் ஐம்பதுக்குச் சற்று அதிகமாக உள்ளன. அவற்றின் சட்ட அடிப்படை 1958ஆம் ஆண்டின் ஆணையாகும்.

ஆட்சி இரு படிகளில் அமைந்துள்ளது. ஒவ்வொரு கிராமத்திலும் ஊர்க்குழு ஒன்று உண்டு; தெருவிளக்கு, தோட்டம், பாலர் பள்ளி போன்ற உள்ளூர்க் காரியங்களை அது கவனிக்கும். மேற்படியில் மன்றத்தின் பேரவை உண்டு. சிறிய ஊராயினும் ஒவ்வொரு கிராமமும் அதற்குத் தன் பிரதிநிதியை அனுப்பும். முற்காலத்தில் பேரவையினரே தலைவரைத் தெரிந்துகொண்டனர். இப்போது வாக்காளர் நேரடியாகத் தேர்ந்தெடுக்கின்றனர். பள்ளிகள், பள்ளிப் பேருந்துகள், சாலைகள், நிலப்பயன்பாட்டுத் திட்டம், சுகாதாரம், வரி வசூல் ஆகியன மன்றத்தின் பொறுப்புகள்.

கிப்புட்ஸைப் பொறுத்தமட்டில் இங்கே ஒரு தனித்தன்மை உண்டு. கிராமத்தில் குடியிருப்போர் அனைவரும் கூட்டுறவுச் சங்கத்தின் உறுப்பினராய் இருந்தமையால், சங்கத்தின் செயற்குழுவே ஊர்க்குழுவாகவும் விளங்கியது. உழைப்பைப் பங்கிடுவோரும் ஊரை ஆள்வோரும் ஒருவரே. அண்மை ஆண்டுகளில், இளைஞர் குறைந்து கிராமங்கள் முதுமையடைந்தபோது, உறுப்பினர் அல்லாதோருக்கும் கிராம எல்லையில் வீட்டுமனைகள் அளிக்கப்பட்டன. அவர்கள் வரி செலுத்துகின்றனர், வாக்களிக்கின்றனர். ஆனால் சங்கத்தின் சொத்தில் பங்கில்லை. ஆகவே பல இடங்களில் சங்கத்தின் குழு வேறு, ஊர்க்குழு வேறு என்று பிரிந்துள்ளன. ஒரே ஊரில் ‘உறுப்பினர்’ என்றும் ‘குடியிருப்பவர்’ என்றும் இருவகை மக்கள் தோன்றியுள்ளனர்.

மன்றத்தைச் சாராமல், கிராமங்கள் தாமே கூடி நடத்தும் வட்டாரத் தொழில் நிறுவனங்களும் உண்டு. செமாக்கில் விளைபொருள்களைத் தரம்பிரித்துக் கட்டும் நிலையங்கள் இவ்வகையில் எழுந்தன. தனித்தனிக் கிராமங்களும் தொழில்களைத் தொடங்கின. தெகானியாவில் 1968இல் வைரம் பதித்த வெட்டுக் கருவிகள் செய்யும் ஆலை அமைந்தது. அபிகீம் கிராமம் 1970களின் இறுதியில் ஒவ்வொரு பசுவின் பாலையும் அளந்து பதியும் மின்னணுக் கருவியை உருவாக்கியது. அக்கருவிகள் இன்று பல நாடுகளின் பால்பண்ணைகளில் உள்ளன.

தொழில் வளரவே, தொடக்கக் கொள்கை ஒன்று இடருற்றது. பிறருடைய உழைப்பை விலைக்கு வாங்குவதில்லை என்பது முன்னோரின் உறுதி. ஆலைகளுக்கோ உறுப்பினரின் கைகள் போதவில்லை. அண்டை நகரங்களில் குடியமர்த்தப்பட்ட வட ஆப்பிரிக்க, ஆசிய நாட்டு யூதர்கள் அங்கே கூலியாட்களாயினர். உள்ளே சமத்துவம், வாயிலில் முதலாளி தொழிலாளி உறவு என்னும் நிலை உருவாயிற்று. 1981ஆம் ஆண்டில் தலைமை அமைச்சர் மெனாகெம் பெகின், நீச்சற்குளங்களுடன் வாழும் செல்வர் என்று கிப்புட்ஸினரைச் சாடியபோது, நகரத்து ஏழைகளிடையே அச்சொல் பெரிதும் எடுபட்டதற்கு இதுவே காரணம். 1990கள் முதல் தாய்லாந்துத் தொழிலாளரே பல வயல்களில் உழைக்கின்றனர்.

5. பொதுப்பை குலைந்த வரலாறு

எருசலேம் திருச்சபையின் பொதுவாழ்வு நிலைக்காமற் போனதற்கு ஒரு விளக்கம் நம்மிடையே வழங்குகிறது. அவர்கள் உள்ளதை விற்று உண்டார்களேயன்றிக் கூடி உற்பத்தி செய்யவில்லை; ஆகவே வறுமையுற்றனர்; பவுல் அவர்களுக்காகக் காணிக்கை சேர்க்க நேர்ந்தது என்பது அவ்விளக்கம். இதனை நாம் கிப்புட்ஸ்களின் வரலாற்றோடு ஒப்பிட்டுச் சோதிக்கலாம். அவை கூடி உற்பத்தி செய்தவை. நாட்டின் வேளாண்மையில் தங்கள் எண்ணிக்கைக்கு மிஞ்சிய பங்கை வகித்தவை. அப்படியிருந்தும் பெரும்பாலானவற்றில் பொதுப்பை குலைந்தது. எனவே உற்பத்தி இருந்தால் மட்டும் பொதுவாழ்வு நிலைக்கும் என்று கூற இயலாது.

குலைவுக்கு உடனடிக் காரணம் கடன். 1970களிலும் 1980களின் தொடக்கத்திலும் பணவீக்கம் மிகுந்திருந்தது. 1984இல் அது ஆண்டுக்கு நானூறு விழுக்காட்டையும் கடந்தது. வாங்கிய கடனின் மதிப்பைப் பணவீக்கமே கரைத்துவிடும் என்று எண்ணிக் கிப்புட்ஸ்கள் ஆலைகளுக்காகவும் வீடுகளுக்காகவும் பெருங்கடன் பெற்றன. 1985இல் அரசு பொருளாதார நிலைப்படுத்தும் திட்டத்தைச் செயற்படுத்தியபோது பணவீக்கம் அடங்கியது. ஆனால் வட்டி விகிதம் ஏறியது. திருப்பிச் செலுத்த இயலாமல் பல கிராமங்கள் தத்தளித்தன. ஒரு கிராமத்தின் கடனுக்கு மற்றவை பிணை நின்றிருந்தமையால் நெருக்கடி இயக்கம் முழுவதையும் பற்றியது. 1989இல் அரசு, வங்கிகள், கிப்புட்ஸ் இயக்கங்கள் ஆகிய மூன்றும் கடன் தீர்வு உடன்படிக்கை ஒன்றைச் செய்துகொண்டன.

ஆழமான காரணங்களும் இருந்தன. பெற்றோர் தம் பிள்ளைகளைத் தம்முடன் உறங்கவைக்க விரும்பினர். 1990களின் தொடக்கத்திற்குள் பொதுப் பிள்ளை இல்லங்கள் ஏறக்குறைய எங்கும் மறைந்தன. வெளியே கல்வி கற்ற இளையோர் திரும்பி வரவில்லை. அரும்பாடுபடுவோருக்கும் சோம்பியிருப்போருக்கும் ஒரே பங்கா என்ற முணுமுணுப்பு எழுந்தது. இவற்றோடு, நாட்டின் எல்லையைக் காத்து உணவளிக்கும் முன்னணியினர் என்று சமுதாயம் அவர்களுக்கு அளித்த மதிப்பும் குறைந்தது. தியாகத்திற்குப் பிறர் தரும் மதிப்பு குறைந்தால் தியாகமும் தளர்கிறது என்பது நாம் நம் ஊழியத்திலும் காண்பதே.

முடிவில் 2005இல் ‘புதுப்பிக்கப்பட்ட கிப்புட்ஸ்’ என்னும் வகையை அரசு சட்டமுறையில் ஏற்றது. இவ்வகையில் உறுப்பினர் தத்தம் ஊதியத்தைப் பெறுகின்றனர்; அதில் ஒரு பகுதியைப் பொது நிதிக்குச் செலுத்துகின்றனர்; வீட்டையும் தம் பெயரில் எழுதிக்கொள்ள இயலும். முதல் கிப்புட்ஸாகிய தெகானியாவே 2007இல் வாக்கெடுப்பின் மூலம் இம்முறைக்கு மாறியது. மூன்றாண்டுகள் கழித்து அது தன் நூற்றாண்டைக் கொண்டாடியபோது, அங்கே நூறாண்டுக்கு முன்னிருந்த பொதுப்பை இல்லை. நாடெங்கும் நான்கில் மூன்று பங்குக்கு மேற்பட்ட கிப்புட்ஸ்கள் இவ்வழி சென்றுள்ளன. பழைய முறையைக் காக்கும் கிராமங்களும் இருக்கின்றன; ஆனால் சிலவே.

ஆயினும் முற்றிலும் அழிந்தது என்று கூறுவது நீதியாகாது. புதுப்பிக்கப்பட்ட கிப்புட்ஸிலும் ‘ஒருவருக்கொருவர் பிணை’ என்னும் கடமை சட்டத்தாலேயே விதிக்கப்பட்டுள்ளது. முதியோர், நோயுற்றோர், குறைந்த ஊதியம் பெறுவோர் ஆகியோரைத் தாங்கும் பொறுப்பிலிருந்து கிராமம் விலக முடியாது. முழுப் பொதுவுடைமை போயிற்று. விழுந்தவனைக் கைவிடாமை எஞ்சியது.

6. நிலம் யாருடையது?

இக்கிராமங்களின் நிலம் அவற்றின் சொந்தமன்று, அவை குத்தகைதாரரே. 1901இல் நிறுவப்பெற்ற யூத தேசிய நிதி, தான் வாங்கிய நிலத்தை ஒருபோதும் விற்பதில்லை என்ற விதியுடன் செயற்பட்டது. குத்தகைக் காலம் நாற்பத்தொன்பது ஆண்டுகள். இவ்வெண் யூபிலி ஆண்டின் கணக்கிலிருந்து எடுக்கப்பட்டது. லேவியராகமம் இருபத்தைந்தாம் அதிகாரம், நிலம் கர்த்தருடையது, மக்கள் அதில் பரதேசிகளும் புறக்குடிகளுமே, ஆகவே அதனை அறுதியாய் விற்றல் ஆகாது என்று கற்பிக்கிறது. சமயப் பற்றற்ற ஓர் இயக்கம் திருமறையின் இவ்விதியைத் தன் சட்டமாகக் கொண்டது வியப்புக்குரியது. இன்றும் நாட்டின் நிலத்தில் ஏறத்தாழ 93 விழுக்காடு அரசு மற்றும் தேசிய நிதி முதலியவற்றின் உடைமை. 1960ஆம் ஆண்டின் அடிப்படைச் சட்டம் அதன் விற்பனையைத் தடுக்கிறது.

ஆனால் அதே அதிகாரம் நிலமற்ற அந்நியரையும் நினைவில் வைக்கிறது. இங்கேதான் வரலாறு நம்மை நிறுத்திக் கேள்வி கேட்கிறது. யெஸ்ரயேல் பள்ளத்தாக்கின் பெருநிலங்கள் 1920களில் பெய்ரூத் நகரத்துச் சுர்சுக் குடும்பத்தாரிடமிருந்து விலைக்கு வாங்கப்பட்டன. விற்றவர் அங்கு வாழாதவர். உழுது வாழ்ந்த அரபுக் குத்தகை உழவர் வெளியேற நேர்ந்தது. சட்டப்படி விற்பனை செல்லும். ஆனால் நாபோத்தின் திராட்சத்தோட்டம் இருந்ததும் அதே யெஸ்ரயேல் என்பதைத் திருமறை மாணவர் மறக்க இயலாது.

யோர்தான் பள்ளத்தாக்கிலும் இக்கேள்வி உண்டு. இன்று மன்றத்தின் அலுவலகம் நிற்கும் செமாக், முன்னர் சமக் என்னும் அரபு ஊராக இருந்தது. 1905இல் ஹிஜாஸ் இருப்புப்பாதையின் கிளை அதன் வழியே சென்றது; அங்கே மூவாயிரத்திற்கு மேற்பட்ட மக்கள் வாழ்ந்தனர். 1948ஆம் ஆண்டு ஏப்ரலில் போரின் நடுவே அவ்வூர் காலியாயிற்று, மக்கள் அகதிகளாயினர், திரும்ப அனுமதிக்கப்படவில்லை. அடுத்த மாதம் சிரியப் படை செமாக்கைத் தாக்கிக் கைப்பற்றி, மே 20ஆம் நாள் தெகானியாவின் வாயில்வரை வந்தது. கிராமத்தினர் சொற்ப ஆயுதங்களால் அதனைத் தடுத்து நிறுத்தினர். அன்று செயலிழந்த சிரியப் பீரங்கி வண்டி ஒன்று இன்றும் அங்கே நினைவுச் சின்னமாக நிற்கிறது. ஊரைக் காத்தவர்களின் வீரமும் உண்மை; ஊரை இழந்தவர்களின் துயரமும் உண்மை. ஒன்றைக் கூறி மற்றொன்றை மறைப்பது சாட்சியாகாது. சமக்கின் பழைய புகைவண்டி நிலையக் கட்டடம் இன்று கல்லூரி வளாகத்தின் அருகே புதுப்பிக்கப்பட்டு நிற்கிறது.

யாரைச் சேர்ப்பது என்னும் கேள்வி இன்றும் தீரவில்லை. காட்சீர் என்னும் குடியிருப்பில் வீடு கட்ட விரும்பிய அரபுக் குடும்பம் ஒன்று மறுக்கப்பட்ட வழக்கில், அரசு நிலத்தை ஒதுக்குவதில் தேசிய இன வேறுபாடு காட்டலாகாது என்று இஸ்ரேலின் உச்ச நீதிமன்றம் 2000இல் தீர்ப்பளித்தது. 2011இல் இயற்றப்பட்ட சட்டமோ, நெகேபிலும் கலிலேயாவிலும் உள்ள சிறு குடியிருப்புகள் சேர்க்கைக் குழுக்கள் வழியே விண்ணப்பதாரரைத் தெரிந்தெடுக்க இடமளித்தது. 2023இல் அது மேலும் விரிவாக்கப்பட்டது. கூட்டுவாழ்வுக்கு மன ஒப்புமை தேவை என்பது சட்டத்தை ஆதரிப்போரின் வாதம். அரபு மக்களை விலக்கவே இது உதவுகிறது என்பது எதிர்ப்போரின் குற்றச்சாட்டு. இவற்றுக்கிடையே, கில்போவா வட்டார மன்றத்தில் யூதக் கிராமங்களும் அரபுக் கிராமங்களும் ஒரே பேரவையில் அமர்ந்திருப்பதையும் நாம் குறிப்பிட வேண்டும்.

காசா எல்லையை ஒட்டிய எஷ்கோல், ஷாஆர் ஹநெகேபு வட்டார மன்றங்களின் கிப்புட்ஸ்கள் 2023ஆம் ஆண்டு அக்டோபர் 7ஆம் நாள் தாக்கப்பட்டன. பெயேரி, நீர் ஓஸ், கபார் அசா முதலிய கிராமங்களில் குடும்பங்கள் கொல்லப்பட்டன. பலர் பிணையாளிகளாய்க் கொண்டு செல்லப்பட்டனர். வயல்களில் உழைத்த தாய்லாந்துத் தொழிலாளர் பலரும் அவர்களுள் அடங்குவர். அதைத் தொடர்ந்த போரில் காசாவில் பல்லாயிரக்கணக்கானோர் மாண்டனர். மக்களில் மிகப் பெரும்பாலோர் வீடிழந்தனர். வேலியின் இருபுறமும் சிந்திய இரத்தத்தின் முன்னே, கிப்புட்ஸைப் பற்றி எளிதான புகழுரையும் எளிதான இகழுரையும் நம் நாவில் எழலாகாது.

7. நமது போதகத்திற்குச் சில குறிப்புகள்

முதலாவது, எருசலேம் திருச்சபையின் வாழ்வையும் கிப்புட்ஸின் வாழ்வையும் ஒன்றெனக் கூறுவதைத் தவிர்ப்போமாக. எருசலேமில் விற்பது அவரவர் விருப்பம். அனனியாவிடம் பேதுரு கூறியதும் நிலம் அவனுடைய வசத்தில் இருந்தது என்பதே. கிப்புட்ஸில் பொதுவுடைமை உறுப்பினர்க்குரிய விதி. முன்னதன் ஊற்று உயிர்த்தெழுந்த ஆண்டவரைப் பற்றிய சாட்சி. பின்னதன் ஊற்று உழைப்பும் தேசமும் சமத்துவமும். இரண்டும் மேன்மையானவற்றை நாடின, ஆனால் ஒன்றல்ல.

இரண்டாவது, பகிர்வு என்பது உள்வட்டத்தோடு நின்றுவிடுமாயின் அது எவ்வளவு தூயதாயினும் குறையுள்ளதே. தம்முள் ஒரு காசுக்கும் கணக்குப் பாராத மனிதர், ஆலை வாயிலில் நின்ற கூலியாளுக்கும், வேலிக்கு அப்பால் நின்ற உழவனுக்கும் என்ன பதில் கூறினர் என்பதே அவர்கள் சமத்துவத்தின் உரைகல். நமது திருச்சபைகளிலும் உறுப்பினர் பட்டியலுக்குள் இருப்போர், வாசற்படியில் நிற்போர் என்னும் வேற்றுமை உண்டு. திருச்சபையின் நிலங்களையும் நிறுவனங்களையும் ஆள்வோர் யார், அவற்றில் கூலிக்கு உழைப்போர் யார் என்று நாம் கேட்டுப் பார்ப்பின், இவ்வரலாறு தொலைநாட்டுச் செய்தியாக மட்டும் தோன்றாது.

மூன்றாவது, பொதுவாழ்வு தளர்ந்த பின்னும் ஒருவருக்கொருவர் பிணை நிற்றல் தெகானியாவில் எஞ்சியது என்று கண்டோம். முதியவரையும் நோயுற்றவரையும் தாங்குவதைக் கருணையாக அன்றி, உறுப்பினர் அனைவரையும் கட்டும் கடமையாக ஒரு கிராமம் எழுதி வைத்திருக்கிறது. நமது குருசேகரங்களில் ஏழைகளின் நிதி பண்டிகைக் காலக் காணிக்கையாகவே பல இடங்களில் இருந்து வருகிறது. அதனை ஆண்டு வரவுசெலவில் முதல் இடம்பெறும் கடமையாக மாற்ற நம் குருசேகரக் குழுக்கள் இசையுமா என்பதை, அடுத்த ஆண்டுக் கூட்டத்திற்குமுன் ஒவ்வொரு போதகரும் தம் மக்களோடு அமர்ந்து ஆராய்வாராக.